காணாமற் போன மக்கள் எங்கே? சர்க்கார் பதில் சொல்ல வேண்டும்!

பஸ் நிலையத்தின் சுவரைப் பாருங்கள். ரயில்வே ஸ்டேஷனின் தூணைப் பாருங்கள். "காணவில்லை" என்ற கொட்டை எழுத்துத் தலைப்பின் கீழே மங்கிப் போன ஒரு புகைப்படம். பெயர், வயது, நிறம், உயரம். வீட்டை விட்டுப் புறப்பட்ட அன்று உடுத்தியிருந்த துணியின் நிறம். தகவல் தருவோருக்குத் தக்க சன்மானம் அளிக்கப்படும் என்ற ஒரு வரி. சன்மானம் தரக் கூடிய நிலையிலா இருக்கிறது அந்தக் குடும்பம்? இல்லை. ஆயினும் அந்த வரியை அச்சடிக்கிறார்கள். இருக்கிற குண்டுமணி நகையையும் விற்றுத் தரத் தயாராக இருக்கிறார்கள். இரண்டு மழை பெய்ததும் அந்தக் காகிதம் கிழிந்து போகிறது. அதன் மேல் ஒரு சினிமா விளம்பரம் ஒட்டப்படுகிறது. ஊர் மறந்து விடுகிறது. பெற்றவள் மட்டும் மறப்பதில்லை.

இப்படிப்பட்ட காகிதங்கள் எத்தனை? நமது ஊரில் ஒன்று, பக்கத்து ஊரில் ஒன்று என்று நினைக்கிறோம். 2023 ஜூலையில் பார்லிமெண்டில் மத்திய சர்க்காரின் உள்நாட்டு இலாகா ஒரு கணக்கை வைத்தது. 2019 முதல் 2021 வரை மூன்றே ஆண்டுகளில் இந்திய நாட்டில் காணாமற் போனதாகப் புகார் செய்யப்பட்ட 18 வயதுக்கு மேற்பட்ட பெண்கள் 10,61,648 பேர். 18 வயதுக்குக் குறைந்த சிறுமிகள் 2,51,430 பேர். இரண்டையும் கூட்டினால் 13 லட்சத்துக்கும் அதிகம். நாளொன்றுக்கு ஏறத்தாழ 1,200 பேர். இதிலே ஆண்கள் சேரவில்லை. சிறுவர்கள் சேரவில்லை. போலீஸ் ஸ்டேஷன் வாசலிலிருந்தே விரட்டப்பட்டவர்களின் புகார்கள் சேரவில்லை. புகார் செய்ய வேண்டும் என்பதையே அறியாத ஏழை எளியவர்களின் பிள்ளைகளும் சேரவில்லை.

13 லட்சம் பேர்! ஒரு பெரிய நகரத்தின் ஜனத்தொகை இது. ஒரு நகரமே காணாமற் போனால் ஒரு சர்க்கார் தூங்குமா? நமது சர்க்கார் தூங்கிற்று. கணக்கைப் படித்தார்கள், சட்டம் ஒழுங்கு ராஜ்ய சர்க்கார்களின் பொறுப்பு என்றார்கள், ஏற்கெனவே எடுத்த நடவடிக்கைகளின் பட்டியலைப் படித்தார்கள், உட்கார்ந்து விட்டார்கள்.

கணக்கு என்ன சொல்கிறது?

இந்தக் கணக்கை நாம் நிதானத்தோடு படிக்க வேண்டும். ஆத்திரத்தில் தவறான முடிவுக்கு வந்து விடக் கூடாது. 13 லட்சம் என்பது புகார்களின் எண்ணிக்கை. இன்று வரை கிடைக்காதவர்களின் எண்ணிக்கை அல்ல. புகார் செய்யப்பட்டவர்களில் பெரும் பகுதியினர் சில நாட்களில், சில வாரங்களில் திரும்பி விடுகிறார்கள், அல்லது கண்டுபிடிக்கப்படுகிறார்கள். 2022ம் ஆண்டில் காணாமற் போனதாகப் பதிவான குழந்தைகள் 83,350 பேர் என்றும், அதே ஆண்டில் மீட்கப்பட்ட குழந்தைகள் 80,561 பேர் என்றும் தேசியக் குற்றப் பதிவுத் துறை கூறுகிறது. மீட்கப்பட்டவர்களில் முந்திய ஆண்டுகளில் தொலைந்தவர்களும் உண்டு. எனவே ஒன்றை ஒன்றிலிருந்து கழித்துப் பார்த்து, மிச்சம் சில ஆயிரம் தானே என்று சமாதானம் அடைய முடியாது. ஒவ்வோர் ஆண்டின் மிச்சமும் அடுத்த ஆண்டின் தலையில் ஏறுகிறது.

அந்த 83,350 குழந்தைகளில் பெண் குழந்தைகள் எத்தனை? 62,946! நான்கில் மூன்று பங்கு. பெண் ஜன்மம் எடுத்த குழந்தைக்கு இந்த நாட்டில் ஆபத்து எத்தனை மடங்கு என்பதற்கு இதை விட வேறு அத்தாட்சி வேண்டுமா?

எந்தெந்த ராஜ்யங்களில் இந்தக் கொடுமை அதிகம்? 2019 முதல் 2021 வரை மத்தியப் பிரதேசத்தில் 1,60,180 பெண்களும் 38,234 சிறுமிகளும் காணாமற் போயினர். மேற்கு வங்கத்தில் 1,56,905 பெண்களும் 36,606 சிறுமிகளும். மகாராஷ்டிரத்தில் 1,78,400 பெண்களும் 13,033 சிறுமிகளும். இந்த மூன்று ராஜ்யங்களின் கணக்கு மட்டுமே நாட்டின் மொத்தத்தில் நூற்றுக்கு 44 பங்கு. ஒன்றில் ஆதிவாசி மக்களின் காடுகள் பறிபோகின்றன. மற்றொன்றில் சுந்தரவனத்து வயல்களை உப்பு நீர் தின்கிறது. மூன்றாவதில் வறண்ட ஜில்லாக்களின் விவசாயிகள் ஆண்டு தோறும் கரும்பு வெட்டக் குடும்பத்தோடு கிளம்புகிறார்கள். பம்பாய் மாநகரம் நாலா திசைகளிலிருந்தும் உழைப்பாளிகளை இழுத்துக் கொள்கிறது. வேர் அறுபட்ட மக்கள் எங்கே அதிகமோ, அங்கே காணாமற் போகிறவர்களும் அதிகம். இது தற்செயல் அல்ல.

பசி காட்டும் பாதை

குழந்தையைச் சாக்கில் போட்டுத் தூக்கிப் போகும் பிள்ளை பிடிக்கிறவன் கதையை நாம் எல்லோரும் சிறு வயதில் கேட்டிருக்கிறோம். உண்மையான பிள்ளை பிடிக்கிறவன் சாக்கோடு வருவதில்லை. அவன் வெள்ளைச் சட்டை போட்டுக் கொண்டு, கையில் முன்பணத்தோடு வருகிறான். பெரும்பாலும் உறவுக்காரனாகவோ ஊர்க்காரனாகவோ வருகிறான். "டில்லியில் ஒரு பெரிய வீட்டில் வேலை; மூன்று வேளைச் சாப்பாடு; மாதா மாதம் பணம் அனுப்புவாள்" என்கிறான். ஜார்க்கண்டின் ஆதிவாசிக் கிராமங்களிலிருந்து இப்படித்தான் சிறுமிகள் தலைநகரத்தின் பங்களாக்களுக்குப் போகிறார்கள். இரண்டு மாதம் கழித்து ஏஜெண்டின் போன் நின்று போகிறது. மகள் எந்தத் தெருவில், எந்த வீட்டில் பாத்திரம் தேய்க்கிறாள் என்பது தாய்க்குத் தெரியாது.

பீகாரில் கயா ஜில்லாவின் தலித் குடும்பத்துச் சிறுவர்கள் ஜெய்ப்பூரின் வளையல் பட்டறைகளுக்குக் கொண்டு போகப்படுகிறார்கள். காற்றுப் புகாத அறைகளில், அரக்கை உருக்கும் அடுப்பின் முன்னால், விடியற்காலை முதல் நள்ளிரவு வரை உட்கார வைக்கப்படுகிறார்கள். ஒரிஸ்ஸாவின் பொலாங்கீர் ஜில்லாவில் அறுவடை பொய்த்த ஆண்டுகளில் குடும்பம் குடும்பமாக முன்பணம் வாங்கிச் செங்கல் சூளைகளுக்குப் போகிறார்கள். ஹரியானாவில் பெண் சிசுக்களைக் கருவிலேயே அழித்து, 2011 ஜனத்தொகைக் கணக்குப்படி 1,000 ஆண்களுக்கு 879 பெண்களே மிஞ்சினார்கள். அங்கே மணப்பெண்கள் விலைக்கு வாங்கப்படுகிறார்கள். வங்காளத்திலிருந்தும் அஸ்ஸாமிலிருந்தும் பீகாரிலிருந்தும் கொண்டு வரப்படும் அந்தப் பெண்களை "பாரோ" என்றும், விலைக்கு வாங்கியவள் என்று பொருள்படும் "மோல்கி" என்றும் அந்த ஊர் அழைக்கிறது. ஒரு ஊரில் மருமகளாகவும், இன்னொரு ஊரில் காணாமற் போன மகளாகவும் ஒரே பெண் இருக்கிறாள்!

இவற்றையெல்லாம் இணைக்கும் சரடு என்ன? நிலமின்மை, கடன், வேலையின்மை. மலிவான உழைப்புக்காகவும் மலிவான உடலுக்காகவும் நாக்கைத் தொங்கப் போட்டுக் கொண்டு நிற்கும் ஒரு சந்தை ஒரு பக்கம்; விற்க உழைப்பைத் தவிர வேறெதுவும் இல்லாத மக்கள் மறு பக்கம். நடுவிலே தரகன். இந்த முக்கோணம் இருக்கும் வரையில் சுவரில் ஒட்டும் காகிதத்துக்கு முடிவு கிடையாது.

புள்ளி விவரத்தைக் கையில் வைத்திருந்த சர்க்கார் இந்தச் சரடை அறுக்க என்ன செய்தது? பட்டியலில் இரண்டாவதாக நிற்கும் மேற்கு வங்கத்துக்கு ஊரக வேலைத் திட்ட நிதியை 2022 மார்ச் முதல் நிறுத்தி வைத்தது! முறைகேடு நடந்தது என்றது சர்க்கார். முறைகேடு செய்தவன் மேல் வழக்குப் போடுவதை யார் தடுத்தார்கள்? தரகனுக்குத் தண்டனை இல்லை; மண் சுமந்த பெண்ணுக்குத் தண்டனை! மூன்று ஆண்டுகளுக்கு மேல் அந்தக் கிராமங்களில் அடுப்பெரிய வைத்த வேலை இல்லாமற் போயிற்று. 2025ல் கல்கத்தா ஹைகோர்ட் தலையிட்டுத் திட்டத்தை மீண்டும் தொடங்கு என்று சொல்ல வேண்டியிருந்தது. கிராமத்தில் வேலையைப் பறிப்பவன் ஏஜெண்டுக்கு வழி திறந்து விடுகிறான். இதை நாம் ஒளிவு மறைவின்றிச் சொல்கிறோம்.

வெளி ராஜ்யத் தொழிலாளர்களைப் பாதுகாக்க 1979ல் ஒரு சட்டம் வந்தது. அழைத்துப் போகும் காண்ட்ராக்டர் லைசென்ஸ் வாங்க வேண்டும். அழைத்துப் போகிறவர்களின் விவரத்தை இரண்டு ராஜ்ய அதிகாரிகளிடமும் தர வேண்டும். தொழிலாளிக்குப் புகைப்படத்தோடு ஒரு புத்தகம் தர வேண்டும் என்றது அது. அந்தச் சட்டம் ஒழுங்காக அமல் செய்யப்பட்டிருந்தால், யார், எந்த ஊரிலிருந்து, யாரோடு, எங்கே போனார் என்பதற்கு ஒரு தடயமாவது இருந்திருக்கும். அமல் செய்யவில்லை. 5 தொழிலாளர் இருந்தாலே பொருந்திய அந்தச் சட்டத்தை, 2025 நவம்பரில் அமலுக்கு வந்த தொழிற் சட்டத் தொகுப்பில் கரைத்து, 10 பேர் இருந்தால்தான் பொருந்தும் என்று ஆக்கி விட்டார்கள். 2020 ஊரடங்கில் நடந்தே செத்த தொழிலாளர்களின் கணக்கைப் பார்லிமெண்டில் கேட்டபோது, அப்படி ஒரு கணக்கு இல்லை என்று சொன்ன சர்க்கார் தானே இது! எண்ணப்படாதவன் தொலைந்தால் தேடுவது யார்?

"ஓடிப் போனவள்"

காணாமற் போகிறவர்களில் எல்லோரும் கடத்தப்பட்டவர்கள் அல்லர். தாமாகவே வீட்டை விட்டுப் போகிறவர்கள் உண்டு. படிப்பை நிறுத்தி, அறியாத ஒருவனுக்குக் கழுத்தை நீட்டச் சொல்வதால் போகிறவள் உண்டு. வேற்றுச் சாதிக்காரனை நேசித்த குற்றத்துக்காகத் தகப்பன் கையாலேயே சாக நேரும் என்று அஞ்சிப் போகிறவள் உண்டு. கணவனின் குடியும் அடியும் தாங்காமல் போகிறவள் உண்டு. வீட்டுக்குள்ளேயே நடக்கும் பாலியல் கொடுமையிலிருந்து தப்பிப் போகிற குழந்தை உண்டு.

இவர்களைப் பிடித்து மீண்டும் அதே வீட்டில் தள்ளி விட்டு, "கண்டுபிடிக்கப்பட்டார்" என்று ரிஜிஸ்தரில் எழுதிக் கோப்பை மூடுவது தேடுதல் ஆகாது. வயது வந்த பெண்ணுக்குத் தான் விரும்பிய இடத்தில் வாழ உரிமை உண்டு. அவள் உயிரோடும் பத்திரமாகவும் இருக்கிறாளா என்பதை உறுதி செய்வதே போலீசின் வேலை. அவள் ஏன் போனாள் என்று கேட்பது சமுதாயத்தின் வேலை. வீடே சிறையாக இருக்கும் இடத்தில் பெண் வெளியேறத்தான் செய்வாள். வெளியேறும் பெண்ணுக்கு ரயில்வே பிளாட்பாரத்தில் காத்திருப்பது நல்ல விடுதியா, தரகனா? இன்றைய நிலையில் பெரும்பாலும் தரகன்தான்!

போலீஸ் ஸ்டேஷன் வாசலில்

பணக்கார வீட்டுப் பிள்ளை ஒருநாள் வீடு திரும்பாவிட்டால் ஜில்லா போலீஸ் முழுதும் தெருவில் நிற்கிறது. கூலிக்காரியின் பிள்ளை தொலைந்தால்? "யாரோடாவது ஓடிப் போயிருப்பாள், இரண்டு நாள் பொறு" என்று ஸ்டேஷன் வாசலிலேயே தீர்ப்புச் சொல்லி அனுப்புகிறார்கள். முதல் இரண்டு நாள்தான் உயிர் போன்றது. அந்த இரண்டு நாளில் ரயில் மூன்று ராஜ்யங்களைக் கடந்து விடும்.

நிதாரியை யாராவது மறக்க முடியுமா? டில்லியை அடுத்த நொய்டாவில், பங்களாக்களுக்குப் பக்கத்தில் இருந்த கிராமம் அது. அங்கே குடியிருந்தவர்கள் பிழைப்புத் தேடி வந்த தொழிலாளர்களும் வீட்டு வேலைக்காரிகளும். அவர்களுடைய குழந்தைகள் ஒன்றன் பின் ஒன்றாகத் தொலைந்தன. பெற்றோர் போலீஸ் ஸ்டேஷனுக்கு நடந்தார்கள், விரட்டப்பட்டார்கள். 2006 டிசம்பர் கடைசியில் ஒரு பங்களாவின் பின்புறத்துச் சாக்கடையிலிருந்து எலும்புகள் எடுக்கப்பட்டபோதுதான் நாடு விழித்தது. மத்திய சர்க்கார் அமைத்த குழுவே போலீசின் அலட்சியத்தைக் கண்டித்தது. சில போலீசார் வேலையிலிருந்து நீக்கப்பட்டார்கள். இரண்டு பேருக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. பிறகு என்ன ஆயிற்று? 2023 அக்டோபரில் அலகாபாத் ஹைகோர்ட், புலன் விசாரணை நடத்தப்பட்ட லட்சணத்தைக் கடுமையாகக் கண்டித்து, இருவரையும் தன் முன் இருந்த வழக்குகளிலிருந்து விடுதலை செய்தது. 2025ல் சுப்ரீம் கோர்ட் அதை உறுதி செய்தது. மீதமிருந்த ஒரே தண்டனையும் அந்த ஆண்டு நவம்பரில் ரத்தாயிற்று. ஆதாரமில்லாமல் ஒருவனைத் தூக்கில் போடச் சொல்பவர்கள் அல்ல நாம். ஆனால் அந்தக் குழந்தைகளைக் கொன்றவன் யார்? 19 ஆண்டுகளுக்குப் பிறகும் பதில் இல்லை! முதல் குழந்தை தொலைந்த அன்றே, ஒரு ஏழையின் வாய்மொழியை ஒரு போலீஸ்காரன் காகிதத்தில் எழுதியிருந்தால், மற்றக் குழந்தைகள் பிழைத்திருக்கும்.

சட்டம் இல்லாமல் இல்லை. தொலைந்த சிறுமிகளைத் தேடுவதற்கான வழிமுறைகளை 2002லேயே சுப்ரீம் கோர்ட் வகுத்தது. 2013 மே மாதத்தில், குழந்தை காணவில்லை என்ற ஒவ்வொரு புகாரையும் முதல் தகவல் அறிக்கையாகப் பதிய வேண்டும், கடத்தல் என்றே முதலில் கருதி விசாரிக்க வேண்டும் என்று கட்டளையிட்டது. நான்கு மாதத்தில் கிடைக்காவிட்டால் வழக்கை ஆள் கடத்தல் தடுப்புப் பிரிவிடம் மாற்ற வேண்டும் என்கின்றன 2016ம் ஆண்டு விதிகள். எந்த எல்லையில் குற்றம் நடந்தாலும் எந்த ஸ்டேஷனிலும் புகாரைப் பதியலாம் என்பது 2024 ஜூலையில் அமலுக்கு வந்த புதிய குற்ற நடைமுறைச் சட்டத்திலேயே இருக்கிறது. சட்டப் புத்தகம் தடித்துக் கொண்டே போகிறது. ஸ்டேஷன் வாசல் மட்டும் அப்படியே இருக்கிறது!

2022ம் ஆண்டில் நாடு முழுவதும் பதிவான ஆள் கடத்தல் வழக்குகள் எத்தனை தெரியுமா? 2,250! பல்லாயிரக்கணக்கான குழந்தைகளும் லட்சக்கணக்கான பெண்களும் தொலைகிற நாட்டில் தரகர்கள் மேல் வழக்கு இவ்வளவுதான். அந்தக் குற்றக் கணக்குப் புத்தகமாவது காலத்தில் வருகிறதா? 2023ம் ஆண்டின் கணக்கு 2025 செப்டம்பர் கடைசியில்தான் வெளிவந்தது. தொலைந்த சிறுமி பற்றிய எண்ணை நாடு படிக்கும் போது அவளுக்கு இரண்டு வயது கூடி விட்டது.

இயந்திரம் தேடித் தரும் என்கிறார்கள். 2018ல் டில்லிப் போலீசார், முகத்தை அடையாளம் காணும் கருவியைக் கொண்டு, இல்லங்களில் இருந்த சுமார் 45,000 குழந்தைகளின் படங்களை ஒப்பிட்டு, நான்கே நாட்களில் 2,930 பேரை அடையாளம் கண்டதாகக் கூறினார்கள். அது உண்மையானால், அந்தக் குழந்தைகள் அது வரை எங்கே இருந்தார்கள்? இல்லங்களில்! ஒரு ரிஜிஸ்தரை இன்னொரு ரிஜிஸ்தரோடு ஒப்பிட ஆளில்லாத காரணத்தால் பெற்றோர் தெருத் தெருவாக அலைந்திருக்கிறார்கள். மறு ஆண்டே, அந்தக் கருவி ஆண் குழந்தை எது பெண் குழந்தை எது என்று கூடப் பிரித்தறியவில்லை என்று மத்திய சர்க்கார் தரப்பே டில்லி ஹைகோர்ட்டில் கூறிற்று. எனவே கருவியின் மேல் பாரத்தைப் போட்டு விட்டு அதிகாரிகள் தப்பித்துக் கொள்ள முடியாது. காஜியாபாத்தில் 2014ல் ஒரு போலீஸ் குழு ஒரே மாதம் மனம் வைத்துத் தேடியபோது 200க்கு மேற்பட்ட குழந்தைகள் கிடைத்தார்கள். தேடினால் கிடைப்பார்கள் என்பதற்கு இதுவே அத்தாட்சி.

எண்ணை வைத்து விஷம்

இந்தத் துயரத்திலும் லாபம் தேடுகிறவர்கள் இருக்கிறார்கள். கேரளத்திலிருந்து 32,000 பெண்கள் மதம் மாற்றப்பட்டுக் காணாமற் போனார்கள் என்று 2022ல் ஒரு சினிமாவின் முன்னோட்டம் முழங்கிற்று. ஆதாரம் கேட்டபோது 32,000 என்பது மூன்று பெண்களின் கதை என்று சுருங்கிற்று! அந்த எண்ணுக்கு நம்பத் தகுந்த ஆதாரம் ஏதும் இல்லை என்று 2023 மே மாதத்தில் படத்திலேயே அறிவிப்புப் போட வேண்டியதாயிற்று. அதற்குள் விஷம் பரவி விட்டது. அந்தப் படத்தைப் புகழ்ந்த தலைவர்களின் கட்சி ஆண்ட மத்தியப் பிரதேசத்தில் உண்மையாகவே தொலைந்த 38,234 சிறுமிகளைப் பற்றி ஒரு மேடையிலும் பேச்சு எழவில்லை. தொலைந்த மகளைத் தேடுவதில் அவர்களுக்கு அக்கறை இல்லை. அவளைக் காட்டி அண்டை வீட்டுக்காரன் மேல் பகைமை மூட்டுவதில்தான் அக்கறை.

இதே சந்தர்ப்பத்தில் நமது தரப்பாரையும் எச்சரிக்க வேண்டியிருக்கிறது. அதே 2023 மே மாதத்தில், குஜராத்தில் ஐந்தாண்டுகளில் 40,000க்கு மேற்பட்ட பெண்கள் மாயமானார்கள் என்ற செய்தி பரவிற்று. பதிலடி கிடைத்தது என்று நம்மில் பலர் அதை அப்படியே எடுத்து வீசினார்கள். 2016 முதல் 2020 வரை புகார் செய்யப்பட்ட 41,621 பேரில் 39,497 பேர் திரும்பி விட்டனர் என்று அந்த ராஜ்யப் போலீஸ் விளக்கிற்று. திரும்பாத 2,000க்கு மேற்பட்டவர்களே ஒரு சர்க்காரை வெட்கித் தலை குனிய வைக்கப் போதுமானவர்கள். அதை விட்டுப் பெரிய எண்ணைத் தேடிப் போவானேன்? உண்மை நம் பக்கம் இருக்கிறது. மிகைப்படுத்துவது எதிரிக்கு ஆயுதம் கொடுப்பதாகும்.

சர்க்காரே மறைத்தவர்கள்

தரகனால் தொலைந்தவர்களைப் பற்றிச் சொன்னோம். சர்க்காரின் கையாலேயே தொலைந்தவர்களைச் சொல்லாமல் விட்டால் கணக்கு நிறைவேறாது. பஞ்சாபில் பயங்கரவாதத்தை அடக்குகிறோம் என்ற பேரால் எத்தனை இளைஞர்கள் இரவோடிரவாகக் கொண்டு போகப்பட்டார்கள்! அமிர்தசரஸ் ஜில்லாவின் சுடுகாட்டு ரிஜிஸ்தர்களையும் விறகுக் கணக்கையும் புரட்டி, "அடையாளம் தெரியாத பிணங்கள்" என்று எரிக்கப்பட்டவர்கள் யார் என்பதை ஜஸ்வந்த் சிங் கால்ரா வெளிக் கொணர்ந்தார். 1995 செப்டம்பரில் அவரே கொண்டு போகப்பட்டார், திரும்பவில்லை. சட்டத்துக்குப் புறம்பான 2,097 தகனங்களை மத்தியப் புலனாய்வுத் துறையே பிறகு கண்டறிந்தது. கால்ராவைக் கொன்ற குற்றத்துக்காகப் போலீஸ் அதிகாரிகள் தண்டிக்கப்பட்டார்கள். காஷ்மீரத்திலோ, கணவன் இருக்கிறானா இறந்தானா என்று அறியாத பெண்களுக்குப் "பாதி விதவைகள்" என்றே பெயர் நிலைத்து விட்டது. பயங்கரவாதத்தை நாம் ஒருநாளும் ஆதரித்தவர்கள் அல்ல. ஆனால் சட்டத்தின் பேரால் ஆளை மறைப்பது சட்டத்தையே கொல்வதாகும். பலவந்தமாக ஆட்கள் மறைக்கப்படுவதற்கு எதிரான சர்வதேச உடன்படிக்கையில் இந்தியா 2007லேயே கையெழுத்திட்டது. இன்று வரை அதை ஊர்ஜிதம் செய்யவில்லை. ஏன்? மடியில் கனமில்லாதவனுக்கு வழியில் பயம் ஏன்?

நமது கடமை

இதெல்லாம் வடக்கே நடப்பது என்று தமிழகத்து உழைப்பாளி மக்கள் எண்ணி விடக் கூடாது. பொலாங்கீரில் முன்பணம் வாங்கிய குடும்பங்கள் திருவள்ளூர் ஜில்லாவின் செங்கல் சூளைகளில் அடைக்கப்பட்டுக் கிடந்து மீட்கப்பட்டது நம் கண் முன்னே நடந்தது. "சுமங்கலித் திட்டம்" என்ற மங்கலப் பெயரைச் சூட்டி, நம் சிறுமிகளையே பஞ்சாலை விடுதிகளில் ஆண்டுக்கணக்கில் பூட்டி வைத்ததும் இங்கேதான். ஒரிஸ்ஸாவில் தேடப்படுகிற ஒருவர் நம் தெருக்கோடியில் செங்கல் அறுத்துக் கொண்டிருக்கலாம். அவருடைய மொழி நமக்குத் தெரியாது. ஆனால் பசியின் மொழியும் பயத்தின் மொழியும் எந்தத் தொழிலாளிக்குத்தான் தெரியாது? நமது தொழிற்சங்கங்களும் விவசாயத் தொழிலாளர் சங்கங்களும் மாதர் சங்கமும் அந்தச் சூளையின் வாசலுக்குப் போக வேண்டும்; அங்கே இருப்பவர்களின் பெயரையும் ஊரையும் கேட்டு எழுதிக் கொள்ள வேண்டும். "வெளியூர்க்காரன் வந்து நம் கூலியைக் கெடுக்கிறான்" என்ற பேச்சு எழும் இடத்தில், கூலியைக் கெடுப்பவன் முதலாளி. வந்தவன் நம் சகோதரன் என்று சொல்ல வேண்டும்.

சர்க்காரிடம் நாம் கோருவது இவை:

1. காணாமற் போனவர் பற்றிய எந்தப் புகாரையும், வயது வித்தியாசமின்றி, வந்த மணி நேரத்திலேயே பதிய வேண்டும். பதிய மறுக்கும் அதிகாரி மேல் நடவடிக்கை எடுக்க வேண்டும்.

2. திரும்பியவர் எத்தனை, திரும்பாதவர் எத்தனை, பழைய பாக்கி எத்தனை என்ற கணக்கை ஜில்லா வாரியாக ஆறு மாதத்துக்கு ஒரு முறை வெளியிட வேண்டும்.

3. இல்லங்களில் இருக்கும் குழந்தைகள், ஆஸ்பத்திரிகளில் கிடப்பவர்கள், அடையாளம் தெரியாத சடலங்கள் ஆகிய பதிவேடுகளைக் காணாமற் போனோர் பதிவேட்டோடு ஒப்பிட ஒவ்வொரு ஜில்லாவிலும் தனி ஊழியர்களை நியமிக்க வேண்டும்.

4. வேலைக்கு ஆள் பிடிக்கும் ஏஜெண்டுகள் அனைவரும் பதிவு செய்து கொள்வதைக் கட்டாயமாக்க வேண்டும். 1979ம் ஆண்டுச் சட்டத்தின் பாதுகாப்பு ஒவ்வொரு வெளி ராஜ்யத் தொழிலாளிக்கும் மீண்டும் கிடைக்க வேண்டும்.

5. குழந்தைக் கடத்தல் வழக்குகளை ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று 2025 ஏப்ரலில் சுப்ரீம் கோர்ட் கூறியதை எல்லா ராஜ்யங்களும் அமல் நடத்த வேண்டும்.

6. வீட்டை விட்டு வெளியேறும் பெண்களுக்குப் பாதுகாப்பான விடுதிகள் ஒவ்வொரு ஜில்லாவிலும் வேண்டும். மீட்கப்பட்டவர்களுக்கு நிவாரணமும் வேலையும் வேண்டும்.

7. எல்லாவற்றுக்கும் மேலாக, உழுபவனுக்கு நிலமும் கிராமத்தில் கட்டாய வேலையும் நியாயமான கூலியும் வேண்டும். இது இல்லாமல் மற்ற ஆறும் வாசல் திறந்த வீட்டில் காவல் வைப்பது போலத்தான்.

இவை ஆகாசத்துக் கோரிக்கைகள் அல்ல. பாதிக்கு மேல் சர்க்காரின் சட்டத்திலும் கோர்ட்டின் கட்டளையிலும் ஏற்கெனவே இருப்பவை. இல்லாதது ஒன்றுதான்: ஏழையின் பிள்ளையும் பிள்ளைதான் என்ற எண்ணம். அந்த எண்ணத்தை ஆளுகிறவர்களின் மனத்தில் தானாக முளைக்க வைக்க முடியாது. உழைப்பாளி மக்களின் ஒன்றுபட்ட இயக்கம்தான் அதை அவர்கள் மேல் சுமத்த வேண்டும்.

அடுத்த முறை பஸ் நிலையத்துச் சுவரில் அந்தக் காகிதத்தைப் பார்க்கும் போது ஒரு நிமிஷம் நில்லுங்கள், தோழர்களே. பெயரைப் படியுங்கள். அந்த வீடு உங்கள் ஊரில் இருந்தால் அந்தத் தாயைத் தேடிப் போங்கள். புகார் பதியப்பட்டதா, நகல் தந்தார்களா என்று கேளுங்கள். தரவில்லை என்றால் நாலு பேராக, நாற்பது பேராக, அவளை முன்னால் விட்டு ஸ்டேஷனுக்கு நடங்கள். தனியாகப் போனவளைத்தான் விரட்ட முடியும். ஊரோடு வந்தவளை விரட்ட எந்தப் போலீசாலும் முடியாது!